மேசைவிரிப்பின் நான்காவது மூலை

கிரோன்ஷ்தாத்,
1904 ஆகஸ்ட் 12

அன்புள்ள தம்பி அர்க்காதிக்கு,

அக்கா கிளாவ்தியா எழுதிக்கொள்வது. நானும் மகள் லூஷாவும், விடுப்பில் வந்திருக்கும் உன் அத்தானும் சுகம். நீ சுகமா என்று கேட்கமாட்டேன். மூன்று மாதமாக ஒரு வரி எழுதாதவன் சுகமாகத்தான் இருப்பான்.

காரியமாகத்தான் எழுதுகிறேன். ஜப்பான்காரனோடு சண்டைக்குக் கிழக்கே பெரும் கப்பற்படை போகப்போகிறது. புதுக் கப்பல்கள் மட்டுமல்ல, லிபாவில் நிற்கும் பழையவற்றையும் விடமாட்டார்கள் என்று துறைமுகம் முழுக்கப் பேச்சு. நீயும் அத்தானும் வேலை பார்க்கும் கப்பலை நான் பார்த்திருக்கிறேன். மாலுமிகள் அதற்கு இஸ்திரிப்பெட்டி என்று பேர் வைத்தது சும்மா இல்லை. நீ லெப்டினன்ட், மேல்தளத்தில் நிற்பவன். ஏதாவது என்றால் குதித்துவிடுவாய். உன் அத்தான் திமோஃபெய் இயந்திரப் பொறியாளர், தண்ணீர் மட்டத்துக்குக் கீழே உட்கார்ந்திருப்பவர்.

புதுப் போர்க்கப்பல் ஒன்றில் பொறியாளர் இடம் காலியாம். உன்னோடு படித்தவன் ஒருவன் தலைமை அலுவலகத்தில் இருக்கிறானே, அவன் காதில் ஒரு வார்த்தை போடு. போய்த்தான் ஆகவேண்டும் என்றால் நல்ல இரும்புக்குள் இருந்து போகட்டும். அவரைக் கேட்டால், "எந்திரம் எந்திரம்தான் கிளாவா, எங்க இருந்தா என்ன?" என்கிறார். அவரைக் கேட்டுப் பயனில்லை. உன்னைக் கேட்கிறேன். அவரை எனக்கு உயிரோடு திருப்பிக் கொடு. இதுவரை உன்னிடம் எதுவும் கேட்டதில்லை. இனியும் கேட்கமாட்டேன்.

உன் அக்கா,
கிளாவ்தியா

---

லிபாவ்,
1904 ஆகஸ்ட் 23

அன்புள்ள அக்காவுக்கு,

காரியம் முடிந்தது. அத்தானுக்கு உத்தரவு வந்து சேர்ந்திருக்கும். இனி அவர் புதுக் கப்பல் பொறியாளர், நாங்கள் பழைய இரும்பு. சாமான்களை எடுக்க நேற்று வந்தவர் என்னோடு முகம் கொடுத்தே பேசவில்லை. "இருபது வருஷப் பழக்கம்டா எனக்கும் இந்த எந்திரத்துக்கும். உங்க அக்கா ஒரு தபால்ல பிரிச்சுட்டா" என்றார். அப்புறம் தன் எண்ணெய்க் கையாலேயே என் வெள்ளைச் சட்டையைத் தட்டிக்கொடுத்துவிட்டுப் போனார். சலவைக்காரி அந்தக் கறையை எடுக்க முடியாது என்கிறாள்.

புதுக் கப்பலைச் சுற்றிப் பார்த்தேன். சுவர்க்கனம் என் முழங்கை நீளம் இருக்கிறது. நிம்மதியாகத் தூங்கு.

லூஷாவுக்கு என் முத்தங்கள்.

அர்க்காதி

---

கிரோன்ஷ்தாத்,
1905 ஜனவரி 28

அன்புள்ள அர்க்காதிக்கு,

ஆக, உங்களையும் அனுப்புகிறார்கள். அவர் கப்பல் அக்டோபரில் போய், உங்களுடையது துறைமுகத்திலேயே நின்றபோது நான் பட்ட பாடு கடவுளுக்குத்தான் தெரியும். அவசரப்பட்டுவிட்டோமோ, அங்கேயே விட்டிருந்தால் வீட்டோடு இருந்திருப்பாரோ என்று என்னையே தின்றுகொண்டிருந்தேன். நீங்களும் கிளம்புகிறீர்கள் என்று கேட்டதும், தம்பி ஆபத்துக்குப் போகிறானே என்று அழவேண்டியவள், நான் செய்தது சரிதான் என்று பெருமூச்சு விட்டேன். இப்படி ஒரு அக்கா உனக்கு.

இத்தோடு ஒரு பார்சல் வரும். உள்ளே வெள்ளை லினன் மேசைவிரிப்பு. ஈஸ்டருக்கு நீங்கள் நடுக்கடலில் இருப்பீர்கள். அதிகாரிகள் மேசையில் இதை விரித்து, அன்றைக்காவது மனிதர்கள்போல் சாப்பிடுங்கள். ஓரப் பூவேலை முழுவதும் என் கை. ஒரு மூலையில் கட்டைவிரல் நகம் அளவுக்கு இழைத்துத் தைத்திருப்பேன். உன் அத்தான் கிளம்பிய அன்று விருந்தில் சிகரெட்டால் சுட்ட ஓட்டை அது. "கடல்ல கப்பல ஓட்டப்போற மனுஷனுக்குச் சாம்பல்தட்டு எங்க இருக்குன்னு தெரியலையா?" என்று கத்தினேன். "திரும்பி வந்து மத்த மூணு மூலையையும் சுட்டுத் தரேன், ஒரே மாதிரி இருக்கும்" என்றார். ஓட்டை விழுந்ததை உனக்கு அனுப்புகிறேன் என்று கோபிக்காதே. என்னிடம் நல்லது இது ஒன்றுதான்.

அவரைக் கண்டால், கம்பளிப் பனியனைக் கழற்றவேண்டாம் என்று சொல்.

உன் அக்கா

---

அன்னாம் கரையோரம்,
1905 ஏப்ரல் 27

அன்புள்ள அக்காவுக்கு,

உலகத்தைப் பாதி சுற்றி வந்து நேற்றுதான் பெரிய படையோடு சேர்ந்தோம். கம்பளிப் பனியன் பற்றி நீ சொன்னதை அத்தானிடம் சொன்னேன். இங்கே நிழலில் நின்றாலே முதுகில் வியர்வை ஓடுகிறது. அவர் சிரித்த சிரிப்பில் இருமல் வந்துவிட்டது.

ஆமாம், அவரைப் பார்த்தேன். இன்று காலை படகில் வந்தார். கன்னம் ஒட்டி, நகக்கண்ணெல்லாம் நிலக்கரி. ஆனால் அதே ஆள்தான். எங்கள் பொறியாளர் வெப்பக் காய்ச்சலில் படுத்திருக்கிறார், பழைய நட்புக்கு இயந்திரத்தைப் பார்த்துவிட்டுப் போங்கள் என்றேன். கீழே இறங்கியவரை ஒரு மணி நேரம் வெளியே இழுக்க முடியவில்லை. அப்புறம் ஈஸ்டர் ரொட்டியில் மிச்சமிருந்த காய்ந்த துண்டை உன் மேசைவிரிப்பின்மேல் வைத்துச் சாப்பிட்டோம். தன் ஓட்டையைத் தேடிக் கண்டுபிடித்து, விரலால் தடவிப் பார்த்தார். "நல்லாத் தச்சிருக்கா" என்றார். நல்ல மனநிலையில் இருந்தார் அக்கா. போகும்வரை சிரித்துக்கொண்டே இருந்தார்.

நிலக்கரிக் கப்பல் சைகோனுக்குத் திரும்புகிறது, தபாலை வாங்கிக்கொள்ள ஆள் நிற்கிறான். அடுத்தது விளாதிவஸ்தோக்கிலிருந்து.

அர்க்காதி

---

மத்சுயாமா, ஜப்பான்,
1905 ஜூன் 20

அன்புள்ள அக்காவுக்கு,

உனக்குச் செய்தி வந்திருக்கும். எப்படி ஆரம்பிப்பது என்று தெரியாமல் நாலு தாளைக் கிழித்தேன்.

அத்தான் கப்பல் மே 14 மாலை கவிழ்ந்தது. எங்களுக்கும் அதற்கும் நடுவே இரண்டு மைல் இருக்கும். திரும்பும்போது சாய்ந்தது, நிமிரவில்லை. தொள்ளாயிரம் பேர். யாரையும் உயிரோடு எடுத்ததாக இங்கே ஒருவரும் சொல்லவில்லை. நான் கேட்காத ஆள் இல்லை.

எங்கள் கேப்டன் அன்று பகலிலேயே இறந்துவிட்டார். கப்பல் என் தலையில் விழுந்தது. மறுநாள் காலை வெளிச்சம் வந்தபோது நாங்கள் தனியாக நின்றோம், நாலு பக்கமும் ஜப்பானியர். எங்கள் குண்டுகள் பாதித் தூரத்தில் தண்ணீரில் விழுந்தன, அவர்களுடையவை வந்து சேர்ந்தன. உயிரோடு முந்நூற்றுப் பன்னிரண்டு பேர், அதில் அறுபது பேரால் எழுந்து நிற்க முடியாது. கொதிகலனுக்குக் கரி அள்ளிப்போடும் அடுப்புக்காரன் ஒருவன் மேலே வந்து தொப்பியைக் கழற்றிவிட்டுச் சொன்னான்: "ஐயா, சாகச் சொன்னா சாகறோம். எதுக்குன்னு மட்டும் ஒரு வார்த்தை சொல்லிடுங்க." வெள்ளைத் துணி ஒன்றை ஏற்றச் சொன்னேன்.

என்னை விசாரணைக்கு நிறுத்துவார்கள், நிறுத்தட்டும். அவர்கள் என்ன சொன்னாலும் கேட்டுக்கொள்வேன். நீ என்ன சொல்கிறாய் என்பதுதான் எனக்குத் தெரியவேண்டும். எழுது அக்கா.

அர்க்காதி

---

கிரோன்ஷ்தாத்,
1905 ஆகஸ்ட் 14

அர்க்காதிக்கு,

உன் கடிதம் கிடைத்தது.

உடல் இல்லாமல் சடங்கு செய்தோம். தேன் கலந்த கோதுமைக் கிண்ணத்தை வைத்து, பாதிரியார் பெயர்ப்பட்டியலைப் படித்தார். படித்து முடிக்கவே நெடுநேரம் ஆயிற்று. லூஷா நடுவில் தூங்கிவிட்டாள். திமோஃபெய் பெயர் வந்தபோது எழுப்பினேன்.

கோவில் வாசலில் ஒருத்தி என்னைக் காட்டி இன்னொருத்தியிடம் சொன்னாள்: "புருஷன் கடலோட போயிட்டான், தம்பி ஜப்பான்காரன் சோறு திங்கறான்." நான் திரும்பவில்லை. சரணடைந்த அதிகாரிகளின் பதவியைப் பறித்துவிட்டதாகப் பத்திரிகையில் வந்திருக்கிறது. உன் பெயரும் இருக்கிறது. நம் அப்பாவின் பெயரையும் சேர்த்துத்தான் அச்சடித்திருக்கிறார்கள்.

அவர்கள் தொள்ளாயிரம் பேருக்கும் எதற்குச் சாகிறோம் என்று யாரும் சொல்லவில்லை, அர்க்காதி. இருந்தும் செத்தார்கள்.

ஒன்று மட்டும் கேட்கிறேன். உன் கப்பலில் வெள்ளைக் கொடியாக ஏறியது ஒரு மேசைவிரிப்பு என்று பத்திரிகைக்காரன் எழுதியிருக்கிறான். எள்ளி நகையாடி எழுதியிருக்கிறான். என்னுடையது இல்லை என்று ஒரு வரி எழுது.

கிளாவ்தியா

---

மத்சுயாமா,
1905 செப்டம்பர் 25

அன்புள்ள அக்காவுக்கு,

உன்னுடையதுதான்.

போர்க்கப்பலில் வெள்ளைக் கொடி என்று ஒன்று இருக்காது. படுக்கைவிரிப்பெல்லாம் காயக்கட்டுக்காகக் கிழித்தாயிற்று. சாப்பாட்டு அறைப் பணியாள் எஃபீம் அலமாரியைத் திறந்து, மடிப்புக் கலையாமல் அதைக் கொண்டுவந்தான். "இது அக்காவோடதுங்க ஐயா, வேற இல்லீங்க" என்றான். கட்டு என்றேன். முடிச்சுப் போடும்போது அத்தான் சுட்ட மூலை என் கையில் இருந்தது.

போன வாரம் அது திரும்பி வந்தது. எங்களைப் பிடித்த ஜப்பானிய அதிகாரி அதைத் துவைத்து, இஸ்திரி போட்டு, மரப்பெட்டியில் வைத்து முகாமுக்கு அனுப்பியிருந்தார். இது ஒரு வீட்டுப் பொருள், அந்த வீட்டுக்கே போய்ச் சேரட்டும் என்று ஒரு குறிப்பு. திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன். விடுதலையாகிப் போகும் மருத்துவர் கையில் உனக்குக் கொடுத்தனுப்புகிறேன்.

இன்னொன்றும் சொல்லவேண்டும். சொல்லாமல் இருக்க முடியவில்லை.

அன்னாம் கரையில் அத்தான் வந்த அன்று, இயந்திர அறையிலிருந்து ஏறி வந்ததும் என்னைத் தனியே கூப்பிட்டார். "அர்க்காதி, உங்க ஆளுதான் காய்ச்சல்ல கெடக்கறாரே. என்னை இங்க கேட்டு வாங்கிக்கோயேன். உங்க கேப்டன் ஒரு சீட்டு எழுதினா போதும்" என்றார். நான் சிரித்தேன். அவர் சிரிக்கவில்லை. "அந்தப் புதுசு நெலக்கரியத் தலைமேல ஏத்திக்கிட்டு நிக்குதுடா. திரும்பினா சாயுது. மேல இருக்கறவங்களுக்குத் தெரியாது. கீழ ஒவ்வொரு தடவையும் நாங்க மூச்சப் புடிச்சுக்கிட்டு நிக்கறோம்."

"அக்கா என் தோலை உரிச்சுடுவா அத்தான். உங்கள அந்தக் கப்பல்ல வைக்கிறதா அவகிட்ட வாக்குக் குடுத்திருக்கேன்" என்றேன்.

"அவளுக்குக் கப்பலப்பத்தி என்னடா தெரியும்?" என்றார். படகில் இறங்கும்போது இன்னொரு தரம், "யோசிச்சுப் பாரு" என்றார். நான் யோசிக்கவில்லை, கையசைத்தேன்.

போகும்வரை சிரித்தார் என்று உனக்கு எழுதியது பொய். இப்போது உனக்கு எல்லாம் தெரியும். மன்னித்தேன் என்று ஒரு வார்த்தை எழுது. அதை வைத்துக்கொண்டு எந்தச் சிறையிலும் கிடப்பேன்.

அர்க்காதி

---

கிரோன்ஷ்தாத்,
1906 பிப்ரவரி 3

அர்க்காதிக்கு,

நீ பீட்டர்ஸ்பர்க் வந்து சேர்ந்துவிட்டதாகவும், விசாரணைக்கு முன் ஒருநாள் இங்கே வர அனுமதி கிடைத்திருப்பதாகவும் சொல்லி அனுப்பியிருந்தாய். உறைந்த கடல்மேல் சறுக்குவண்டியில் வந்தால் இரண்டு மணி நேரம். அதனால்தான் உடனே எழுதுகிறேன்.

நேற்று மீன் சந்தையில் ஒருத்தி என் கையைப் பிடித்து முத்தமிட்டாள். உன் கப்பல் அடுப்புக்காரன் ஒருவனின் மனைவியாம். "உங்க தம்பி இல்லேன்னா என் நாலு புள்ளைங்களும் தெருவுலம்மா" என்று அழுதாள். அவன் பக்கத்திலேயே நின்றான், கூடையைத் தூக்கிக்கொண்டு, கொழுகொழுவென்று. மீனை வாங்காமல் வந்துவிட்டேன்.

துணியை ஏற்றியதற்காக உன்மேல் கோபமாக இருந்தேன். பொய் சொல்லமாட்டேன், அருவருப்பாகவும் இருந்தது. இப்போது இரண்டும் இல்லை. அவர் உன் கப்பலில் இருந்திருந்தால் நானே கம்பத்தில் ஏறிக் கட்டியிருப்பேன். அந்த மூலையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு நாள் முழுக்க நின்றிருப்பேன்.

அவரைப் புதுக் கப்பலுக்கு மாற்றச் சொல்லி உனக்கு அந்த முதல் கடிதத்தை எழுதியவள் நான். அதை யாரும் எனக்கு நினைவுபடுத்தவேண்டியதில்லை. தினமும் கஞ்சியைக் கிளறும்போது எனக்கு நானே சொல்லிக்கொள்கிறேன். ஆனாலும் என்னிடம் ஒன்று மிச்சம் இருந்தது. காய்ந்த ரொட்டியைத் தின்றுகொண்டு, தன் ஓட்டையைத் தடவிக்கொண்டு, சிரித்துக்கொண்டே போனார் என்ற உன் நாலு வரி. அதைப் படித்துப் படித்து அந்தத் தாளில் மடிப்பு விட்டுப்போயிற்று. அதை வைத்துத்தான் தூங்கிக்கொண்டிருந்தேன்.

அதையும் நீ எடுத்துக்கொண்டாய். இப்போது கண்ணை மூடினால் மூச்சைப் பிடித்துக்கொண்டு நிற்கிறார். இரண்டு தரம் கேட்கிறார். அக்கா தோலை உரிப்பாள் என்று நீ சொல்கிறாய்.

அந்த உண்மையை நீயே வைத்துக்கொண்டிருக்கலாம். எனக்காக நீ அதைச் சொல்லவில்லை. உனக்குத் தாங்கவில்லை, இறக்கி வைக்க ஓர் இடம் வேண்டியிருந்தது. ஜப்பானியரிடம் மேசைவிரிப்பைத் தூக்கினாய், என்னிடம் கடிதத்தைத் தூக்கினாய். அவர்கள் ஏற்றுக்கொண்டார்கள். என்னால் முடியாது.

இனி எதுவும் கேட்கமாட்டேன் என்று அப்போது எழுதினேன். இன்னொன்று கேட்கிறேன். வராதே. விசாரணையில் உனக்கு நல்லது நடக்கட்டும், மனதாரச் சொல்கிறேன். நீ பிழைக்க வைத்த முந்நூறு பேரும் உனக்காகச் சாட்சி சொல்லட்டும். ஆனால் இந்த வாசலில் நீ வந்து நின்றால் உன் முகத்தில் எனக்கு அந்தப் படகுதான் தெரியும். மாமா இன்னும் ஜப்பானில் இருக்கிறார் என்று லூஷா நினைத்துக்கொண்டிருக்கிறாள். அப்படியே இருக்கட்டும்.

மேசைவிரிப்பைத் திருப்பி அனுப்புகிறேன். ஒரு மூலை இருக்காது, வெட்டி எடுத்துவிட்டேன். அவர் சுட்டு நான் தைத்த இடம் அது. அந்தக் கடலிலிருந்து அவருடையது என்று எனக்கு வந்து சேர்ந்தது அவ்வளவுதான். மீதி உன்னுடையது.

கிளாவ்தியா