வறுவலைத் தயிரில் போடாதீர்கள்

என்னங்க,

அடுப்பு மேல் இரண்டு பாத்திரம் இருக்கிறது. சின்னதில் உங்கள் ஊர்த் தயிர்க் குழம்பு, இரும்புச் சட்டியில் எங்கள் ஊர் உருளைக்கிழங்கு வறுவல். நம் வாயாடிப் பெண் சேர்த்து வைத்த அதே ஜோடிதான். இப்போதே கலந்துவிடாதீர்கள், கிழங்கு ஊறிச் சொதசொதவென்று ஆகிவிடும்.

ஞாயிற்றுக்கிழமை நான் அடுப்படியிலேயே கலந்து கொண்டுவந்தேன். ஒரு வாய் வைத்துவிட்டு, "இது அவ செஞ்ச மாதிரி இல்ல" என்று தட்டைத் தள்ளினீர்கள். "அவதான் போய்ச் சேர்ந்துட்டாளே, நான் என்ன செய்ய?" என்று கத்திவிட்டேன். அன்றிலிருந்து நீங்கள் முன்னறையில் சாப்பிடுகிறீர்கள், நான் அடுப்படியில்.

இன்று கிழங்கு நறுக்கும்போதுதான் உறைத்தது. அவள் ஒரு நாளும் அடுப்படியில் கலந்ததில்லை. நாம் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு திரியும் நாளில்தான் இதைச் செய்வாள். "ரெண்டு பேரும் வந்து உக்காந்தாத்தான் கலப்பேன். இல்லன்னா பட்டினி கெடங்க" என்பாள். முறைத்துக்கொண்டே வந்து உட்காருவோம்.

தையல் கடையில் வேலை முடிந்ததும் ஓடி வந்துவிடுவேன். தாழ் போட்டுவிட்டுத் தூங்கிவிடாதீர்கள். அதுவரை பசித்தால் ரொட்டி இருக்கிறது. மாத்திரையை மறக்க வேண்டாம்.

சொல்ல மறந்துவிட்டேன். மேசை மேல் கிடந்த துணிகளை எடுத்துவிட்டேன், இரண்டு பேரும் உட்காரலாம். கலப்பதை மட்டும் நீங்கள் செய்யுங்கள். எனக்குக் கை வராது.