ஒலி நின்ற பிறகு

கண்டி,
12.8.2005

அன்பு அம்மாவுக்கு,

தேன்மொழி வணக்கத்தோடு எழுதுவது. மூட்டுவலி குறைந்ததா? மதிக்குச் சளி விட்டதா? பதில் பிந்தியதற்குக் கோபிக்காதீர்கள்.

நம்மூர்த் துப்புரவுப் பெண்களைப் பற்றி நாங்கள் எடுத்த படத்தை, நேற்று இங்கே தெருக்கூட்டும் தமிழ்ப் பெண்களுக்குப் போட்டுக் காட்டினோம். நாற்காலிகள் அதிகாரிகளுக்குத்தான் என்று எல்லாரும் பின்னாலேயே நின்றார்கள். பாதியில் ஒலி நின்றுவிட்டது. சின்னக் கோளாறுதான். ஆனாலும், இதற்காகவா பிள்ளை மதியை உங்களிடம் விட்டுவிட்டு வந்தோம் என்று நொந்துகொண்டே ஒயர்களைப் பிடுங்கிப் பிடுங்கிச் சொருகினேன்.

அப்போது அங்கம்மா என்ற அக்கா திரையருகே வந்து, "இந்தப் புள்ள கைக்குப் போட கிளவுஸ் கேக்குது. மேஸ்திரி இளிக்கிறான். நம்ம மேஸ்திரியும் இப்படித்தானே பல்லக் காட்டுவாரு!" என்றார். ஒரே சிரிப்பு. ஒவ்வொருவராக முன்னால் வந்து உட்கார்ந்து, படத்திலிருந்த பெண்களுக்காகத் தாங்களே பேச ஆரம்பித்துவிட்டார்கள். நான் ஒலியைச் சரிசெய்ததும் அங்கம்மா, "இருக்கட்டும் தங்கச்சி, நாங்களே பேசிக்கிறோம்" என்றாரே பார்க்கலாம்! அம்மா, படம் ஜெயித்துவிட்டது.

அடுத்த வாரம் இங்கே வரும் எங்கள் எடிட்டர் கணபதி அண்ணனிடம் கொஞ்சம் பருப்புப்பொடியும், மதி போட்டுக் கழற்றிய சட்டை ஒன்றும் கொடுத்தனுப்புங்கள். துவைக்க வேண்டாம்.

அங்கம்மா அக்கா வாசலில் வந்து நிற்கிறார். இன்று அவரையும் மற்றப் பெண்களையும்தான் படமெடுக்கிறோம். தாமதித்தால் திட்டுவார்.

உங்கள் மகள்,
தேன்மொழி