மலை ஏறாத வருஷம்

திருச்சானூர்,
ஐப்பசி, ஞாயிற்றுக்கிழமை.

அன்புள்ள அண்ணிக்கு,

தரணி எழுதுகிறேன். நீங்களும் பாப்பாவும் எப்படி இருக்கிறீர்கள் என்று கேட்டுவிட்டுத்தான் தொடங்க வேண்டும். கேட்கவே தயக்கமாக இருக்கிறது. ராமகுப்பத்தில் இப்போதே காலையில் பனி இறங்கத் தொடங்கியிருக்கும். பாப்பாவுக்குச் சீக்கிரம் சளி பிடிக்கும். வெளியே விளையாட விட்டால் குல்லா போட்டு விடுங்கள்.

இதையெல்லாம் போனில் சொல்லியிருக்கலாம். சொல்லத்தான் கூப்பிட்டேன். நீங்கள் "சொல்லு தரணி" என்றதும் "சும்மாதான் அண்ணி" என்று வைத்துவிட்டேன். நீங்கள் நம் வீட்டுக்கு வந்த புதிதில், "உங்க தங்கச்சி வாயில இன்னா கொழுக்கட்டையா வச்சிக்கினு கீது?" என்று அண்ணனிடம் கேட்டீர்களே, அந்தக் கொழுக்கட்டை இன்னும் அப்படியேதான் இருக்கிறது. அதனால் எழுதுகிறேன்.

வீட்டில் அம்மா அப்படியேதான் இருக்கிறாள், நைனாவுக்கு உடம்பு பரவாயில்லை. கறுப்புப் பசு கிடாரிக் கன்று போட்டிருக்கிறது. கடலை பிடுங்கியாகிவிட்டது, மழைக்கு முன்னால் தப்பியது. நான் தங்கியிருக்கும் ஹாஸ்டலில் சாப்பாடு சுமார்தான். வேலை பழகிவிட்டது. சாமி தரிசனம் முடித்துவிட்டு ஒரு நாள் மிச்சம் இருக்கிறவர்களைச் சின்ன வேனில் ஏற்றி, காலையில் ஹார்ஸ்லி ஹில்ஸ் கூட்டிப்போய் இருட்டுவதற்குள் திருப்பதியில் கொண்டுவந்து விடுகிற வேலை. பன்னிரண்டு பேருக்கு மேல் ஏற்ற மாட்டார்கள். நான் முன் சீட்டில் மைக்கோடு உட்கார்ந்து வழியில் வருவதையெல்லாம் தமிழிலும் தெலுங்கிலும் சொல்ல வேண்டும். ஆமாம் அண்ணி, நானேதான். முதல் வாரம் முதலாளி, "ஏம்மா, மைக் ஆன்லதான் கீதா?" என்று கேட்டார். இப்போது கேட்பதில்லை.

மாசிலாமணி பெரியப்பா போன வாரம் வீட்டுக்கு வந்திருந்தாராம். அண்ணன் காணாமல் போய்க் கார்த்திகையோடு வருஷம் திரும்புகிறது, அதற்குள் அவனுக்குச் செய்ய வேண்டிய கருமத்தை உங்கள் ஊரிலேயே செய்துவிடலாம் என்று உங்கள் அண்ணன் போன் செய்தாராம். உங்களுக்கும் சம்மதம்தான் என்றாராம். உங்களைத் தப்பு சொல்ல நான் எழுதவில்லை. அந்த நாள் வருவதற்கு முன்னால் நீங்கள் ஒரு விஷயத்தைத் தெரிந்துகொள்ள வேண்டும். அவ்வளவுதான்.

போன புதன்கிழமை வேனில் இரண்டு சீட் காலியாக இருந்தது. காலியாகப் போனால் எங்கள் வீட்டு ஆட்களைக் கூட்டிப்போகலாம் என்று முதலாளி சொல்லியிருக்கிறார். அம்மா வீட்டைவிட்டு வெளியே வந்தே எத்தனை மாதமோ ஆகிறது. நைனாவை விட்டு வற்புறுத்தச் சொல்லி, முதல் நாளே திருச்சானூருக்கு வரவழைத்தேன். எங்கே போகிறோம் என்று கேட்டதற்கு, மதனப்பள்ளி பக்கம், குளுகுளுவென்று இருக்கும், சுற்றிப் பார்க்கிற இடம் என்று மட்டும் சொன்னேன். நீங்களும் அண்ணனும் கல்யாணமான புதிதில் போன இடம்தான். காற்றில் உங்கள் முந்தானை அண்ணன் முகத்தை மூடிக்கொண்ட அந்தப் போட்டோ எடுத்த இடம். அதை நான் அம்மாவிடம் சொல்லவில்லை. சொன்னால் வர மாட்டாள் என்று நினைத்தேன்.

வேனில் மதுராந்தகத்தில் இருந்து வந்த ஒரு குடும்பம். அதில் துலுக்காணம் என்று ஒரு பெரியவர், முந்தின நாள் மொட்டை போட்ட தலையைத் தடவிக்கொண்டே எல்லோரையும் சிரிக்க வைத்துக்கொண்டு வந்தார். பாகராப்பேட்டை கணவாயில் வண்டி வளைந்து ஏறத் தொடங்கியதும் அம்மா டிரைவர் நாகையாவிடம், "இன்னாப்பா, இது மலையா? மேல சாமி எதுனா கீதா?" என்று கேட்டாள். "சாமியும் இல்ல, ஒண்ணும் இல்லம்மா. ரோடு, காடு, அவ்ளோதான்" என்றார் அவர். உடனே துலுக்காணம், "இந்த ரோட்டுல டிரைவருதாம்மா சாமி, நல்லா கும்பிட்டுக்க" என்றார். எல்லோரும் சிரித்தார்கள். அம்மாவும் சிரித்தாள் அண்ணி. அவள் பல்லைப் பார்த்து எவ்வளவு நாளாயிற்று.

பீலேருவில் இட்லி சாப்பிட்டோம். மதனப்பள்ளியில் மண்டிக்குப் போகும் தக்காளி வண்டிகள் வரிசையாக நின்றன. அண்ணன் ஓட்டின மாதிரி மஞ்சள் நிற வண்டி ஒன்று நின்றது. அம்மா அதைப் பார்க்காத மாதிரி அந்தப் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

ரோட்டை விட்டு மலைப் பக்கம் திரும்பியதும் நான் மைக்கை எடுத்தேன். அம்மா கேட்கப்போகிறாள் என்பதால் அன்றைக்கு நன்றாகவே சொன்னேன். இந்த மலைக்கு ஊர்க்காரர்கள் வைத்த பெயர் ஏனுகு மல்லம்மா கொண்டா, அதாவது யானை மல்லம்மா மலை. மல்லம்மா என்ற சின்னப் பெண்ணை யானைகள்தான் வளர்த்தனவாம். ஒரு நாள் அவள் காணாமல் போனாள், அவளைத் தெய்வமாக நினைத்து மேலே கோவில் கட்டிக் கும்பிடுகிறார்கள். தினமும் சொல்வதுதான். சொல்லி முடித்ததும் பின் சீட்டில் இருந்து அம்மா, "வண்டிய நிறுத்துங்கப்பா" என்றாள்.

வாந்தி வருகிறதோ என்று நாகையா ஓரம் கட்டினார். அம்மா பையை எடுத்துக்கொண்டு இறங்கிவிட்டாள். எதிரில் ஒரு புளிய மரமும் ஒரு டீக்கடையும் இருந்தன. "நீங்க போய்க்கினு வாங்க. நான் இங்கயே குந்திக்கினு இருக்கேன்" என்றாள். கால்வலியா என்று கேட்டேன். இல்லை என்று தலையை ஆட்டினாள். மயக்கமா என்றேன். என்னைப் பக்கத்தில் இழுத்து, மற்றவர்கள் காதில் விழாமல் சொன்னாள்: "வருஷம் திரும்பலடி. நம்ம வூட்டுக்கு மலை ஆவாது."

எனக்கு அப்போது ஒன்றும் ஓடவில்லை. வேனில் பத்துப் பேர் காத்துக்கொண்டிருந்தார்கள். துலுக்காணம் வேறு, "அம்மாவுக்கு மலைன்னா பயமா? நான் வேணா தூக்கிக்கினு வரட்டா?" என்றார். டீக்கடைக்காரம்மாவிடம் பார்த்துக்கொள்ளச் சொல்லிவிட்டு ஏறிவிட்டேன்.

காலிபண்டா என்கிற காற்றுப் பாறையில் நின்று எல்லோருக்கும் போட்டோ எடுத்துக் கொடுத்தேன். நீங்கள் நின்ற அதே பாறை. காற்று ஆளைத் தள்ளுகிறது. கீழே ஏரிகளும் வயல்களும் ரோடும் கோடு போட்ட மாதிரி தெரிந்தன. அந்தப் புளிய மரம் எது என்று தேடினேன். தெரியவில்லை. அங்கே நிற்கும்போதுதான் எனக்கு உறைத்தது. சாவு விழுந்த வீட்டுக்காரர்கள் வருஷம் திரும்பும்வரை சாமி இருக்கிற மலை ஏறக் கூடாது என்று நம் பக்கத்தில் குழந்தைக்குக்கூடத் தெரியும். ஆனால் நம் வீட்டில்தான் சாவு விழவில்லையே? அண்ணன் பெங்களூரில் இருக்கிறான், யாரோ பார்த்தார்கள், ஞாபகம் தப்பி அலைகிறான் என்று ஊரெல்லாம் சொல்லிக்கொண்டு திரிந்தது அம்மாதானே?

ஒவ்வொன்றாக நினைத்துப் பார்த்தேன் அண்ணி. எனக்கு வேலை கிடைத்ததும் அம்மாவைத் திருமலைக்குக் கூட்டிப்போகிறேன் என்றேன். முட்டி வலி என்றாள். அதே முட்டியோடு கடலைக் காட்டில் நாளெல்லாம் குனிந்து நின்றாள். பொங்கலுக்கு வாசலில் காவி கட்டவில்லை. செம்மண் கிடைக்கவில்லை என்றாள். கங்கம்மா ஜாத்திரைக்குக் கூழ் ஊற்றவில்லை. கேழ்வரகு பூச்சி பிடித்துவிட்டது என்றாள். தினமும் ராத்திரி அண்ணன் வந்து சாப்பிடுவான் என்று சோறு போட்டு மூடி வைப்பாளே, அந்தத் தட்டு. நீங்கள் பார்த்துப் பார்த்து அழுத தட்டு. காலையில் அதை எடுத்துக்கொண்டு கொல்லைச் சுவருக்குப் போவாள். வீணாகப்போன சோற்றைக் கொட்டுகிறாள் என்று நாம் நினைத்தோம். சுவர் மேல் உருட்டி வைத்துவிட்டு, காக்கா வருகிறவரை அங்கேயே நின்றுகொண்டிருப்பாள். அதை நான் எத்தனையோ நாள் பார்த்திருக்கிறேன். பார்த்தும் புரியவில்லை.

தரைப்பாலத்து வெள்ளத்தில் அண்ணன் கிடைக்காமல் அவன் வண்டி மட்டும் கிடைத்த அன்றைக்கே அவளுக்குத் தெரிந்திருக்கிறது.

இறங்கி வந்தோம். அவர்கள் எல்லோரும் டீ குடிக்கப் போனதும் அம்மா பக்கத்தில் உட்கார்ந்தேன். அவள் முதலில், "மேல எப்பிடி இருந்திச்சி?" என்று கேட்டாள். சொன்னேன். பிறகு நான் கேட்டேன். தெரிந்துகொண்டே ஏன் அப்படிச் செய்தாய், பெரியப்பா கருமத்துக்கு நாள் குறிக்க வந்தபோது ஏன் அவரைத் துரத்தினாய், எள்ளுத் தண்ணிகூட விட மாட்டேன் என்கிறீர்களே என்று அழுத அண்ணியைப் பார்த்து, உனக்கு அவ்வளவு அவசரமா என்று ஏன் கேட்டாய் என்று. என் வாயில் அவ்வளவு வார்த்தை ஒரே சமயத்தில் வந்ததே இல்லை.

அம்மா புளியம்பழ ஓட்டை நசுக்கிக்கொண்டே பேசினாள். அவள் சொன்னதை அவள் சொன்ன மாதிரியே எழுதுகிறேன்.

"எங்க அக்காவுக்கு இருபத்தி ரெண்டு வயசு. ஏரிக்கரையில குந்த வச்சி நாலு பொம்பளைங்க கையப் புடிச்சிக்கினாங்க. கல்லால தட்டி வளையல ஒடைச்சாங்க. மணிக்கட்டு கிழிஞ்சி ரத்தம் ஊத்துது, அவ வலிக்குதுன்னு கூட கத்தல. நான் பாவாடைய வாயில வச்சி அடைச்சிக்கினு பாத்துக்கினு இருந்தேன். எம்புள்ள பூட்டான்னு நான் ஒரு வாட்டி வாயத் தொறந்து சொன்னா போதும், அடுத்த நாளே இந்தப் பொண்ணையும் கரையில குந்த வச்சிருப்பாங்க. பெத்தவ நானே இல்லன்னு சொல்லிக்கினு இருந்தா எவ வந்து அவ கையத் தொடுவா? பைத்தியம்னு சொல்லிக்கினு போவட்டும்."

இதை உங்களிடம் சொல்லியிருக்கலாமே என்றேன். "எப்பிடிறீ சொல்றது? சொன்னா அவன் பூட்டான்னு ஆயிடுமே" என்றாள். அன்றைக்கு நீங்கள் அழுதபோது பெரியப்பாவும் பங்காளி வீட்டுப் பொம்பளைகளும் கூடத்தில் நின்றுகொண்டிருந்தார்களாம். அவர்களை அனுப்ப வேண்டுமென்றால் உங்கள் மேல் பாய வேண்டியிருந்ததாம். மறுநாள் விடியற்காலையில் பாப்பாவைத் தூக்கிக்கொண்டு நீங்கள் பஸ் ஏறிவிட்டீர்கள் என்று நைனா வந்து சொன்னபோது, "போவட்டும், கையில வளையலோட தானே போறா" என்று நினைத்தாளாம். அதற்குப் பிறகுதான் அவளுக்கு அழுகை வந்ததாம். அதுவும் மாட்டுக் கொட்டகையில்.

திரும்பி வரும்போது பாகராப்பேட்டை தாண்டுகிறவரை அவள் என் தோளில் சாய்ந்துகொண்டு வந்தாள். நான் மைக்கை எடுக்கவே இல்லை. நாகையா கண்ணாடியில் பார்த்துவிட்டுப் பாட்டு போட்டுவிட்டார். துலுக்காணம் இறங்கும்போது அம்மாவிடம், "அடுத்த வருசம் வா தாயி, ஒண்ணாவே மலை ஏறலாம்" என்று சொல்லிவிட்டுப் போனார். அவருக்கு என்ன தெரிந்ததோ, தெரியாதோ.

அண்ணி, நடந்தது இதுதான். அண்ணனுக்குச் செய்ய வேண்டாம் என்று நாங்கள் இனிமேல் சொல்ல மாட்டோம். கார்த்திகையில் நம் ஏரிக்கரையிலேயே செய்யலாம் என்று அம்மாவே நைனாவிடம் சொல்லிவிட்டாள். எள்ளும் தண்ணியும் அவன் பங்குக்குக் கட்டாயம் போகும். ஆனால் உங்களைக் கரைக்கு யாரும் கூப்பிட மாட்டார்கள். அன்றைக்கு நீங்கள் வீட்டில் பாப்பாவோடு இருக்க வேண்டும், தானே வாசலில் நிற்பாளாம், உங்கள் கையைத் தொட வருகிறவள் தன்னைத் தாண்டித்தான் உள்ளே போக வேண்டும் என்று அம்மா சொல்கிறாள். பெரியப்பாவிடம் இதைச் சொல்ல வேண்டியது நான். எனக்குப் பயம்தான். ஆனாலும் சொல்வேன். மைக்கில் பேசுகிறவள்தானே.

வருஷம் திரும்பிய பிறகு உங்களையும் பாப்பாவையும் கூட்டிக்கொண்டு திருமலைக்கு நடந்தே ஏற வேண்டும் என்பது அம்மாவின் ஆசை. "பூவ வச்சிக்கினு வரட்டும், எவன் இன்னா கேக்கறான்னு பாக்கறேன்" என்கிறாள்.

உங்கள் அண்ணன் நாள் குறித்திருந்தாலும் அதற்கு முன்னால் புறப்பட்டு வந்துவிடுங்கள். கோபம் இருந்தால் கோபத்தோடேயே வாருங்கள். வந்து அம்மாவோடு பேச வேண்டும் என்பதுகூட இல்லை. சித்தூரில் பஸ் மாறும்போது ஒரு போன் செய்யுங்கள். புத்தூரில் நான் வந்து நிற்கிறேன். அதுவரை உங்கள் ஊரில் யார் கூப்பிட்டாலும், எவ்வளவு நல்ல வார்த்தை சொன்னாலும், கையை மட்டும் நீட்டிவிடாதீர்கள். உங்கள் காலில் விழுந்து கேட்கிறேன்.

புதன்கிழமையில் இருந்து அம்மா ராத்திரியில் அண்ணனுக்குத் தட்டு வைப்பதில்லை என்று நைனா சொன்னார். இரண்டு தட்டைத் தேய்த்துக் கவிழ்த்து வைத்திருக்கிறாளாம். ஒன்று சின்னது.

உங்கள் வரவை எதிர்பார்த்து வாசலையே பார்த்திருக்கும்,
தரணி