தடுத்தது விளையாட்டை, உன் அத்தையை அல்ல

அன்புள்ள மகளுக்கு,

அம்மா எழுதுவது. நான் நலமாக இருக்கிறேன், மருத்துவர் இரத்த அழுத்த மாத்திரையை ஒன்றிலிருந்து அரையாகக் குறைத்திருக்கிறார், பார்வை போன வருடம் இருந்தபடியே இருக்கிறது. நீயும் மாப்பிள்ளையும் நலம் என்று உன் அண்ணன் வாயால் கேட்டேன், உன் கையெழுத்தில் அதைப் படித்து வெகுநாளாகிறது. இனி முதலில் ஒன்றைத் திருத்திவிடுகிறேன். நான் உன் அத்தையோடு உறவை முறித்துக்கொண்டேன் என்று நம் குடும்பத்தில் ஒரு பேச்சு வாய்க்கு வாய் போய்க்கொண்டிருக்கிறது. அப்பா போய் நான்கு வருடம்கூட ஆகவில்லை, அதற்குள் அவருடைய ஒரே தங்கையைக் கைபேசியிலிருந்து வெட்டி எறிந்துவிட்டேனாம். அதற்குக் கண் காது மூக்கு வைத்து, ஆத்திரத்தில் கைபேசியையே தண்ணீர்த் தொட்டியில் போட்டுவிட்டேன் என்றும் ஒரு கதை. கைபேசி இதோ மேசைமேல், மூக்குக் கண்ணாடிக் கூட்டுக்குப் பக்கத்தில், ஒரு சொட்டு நனையாமல் இருக்கிறது. உன் அண்ணன் வாசலில் செருப்பைக் கழற்றும்போதே, ‘ஏம்மா இப்படிப் பண்ணிட்ட, அத்தை போன்ல ஒரே அழுகை, தங்கச்சி வேற அங்கேருந்து அம்மாவுக்கு என்ன ஆச்சுன்னு கேக்குறா’ என்றான். நீ கேட்டது நல்லதுதான், என்னைக் கேட்காமல் அவனைக் கேட்டதுதான் சரியில்லை. ஆகையால் நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன், ரயிலில் உட்கார்ந்தாவது முழுவதும் படி.

முழங்காலில் அறுவை செய்துகொண்டதிலிருந்து உன் அத்தை வீட்டோடு இருக்கிறாள் அல்லவா, முப்பது வருடம் சீருடைத் தையற்கூடத்தில் துணி வெட்டிய கை சும்மா கிடக்குமா, காலை முக்காலியில் நீட்டிக்கொண்டு கைபேசியில் பழத்தோட்டம் என்று ஒரு விளையாட்டைப் பிடித்துக்கொண்டாள். ஒரே நிறத்தில் மூன்று பழம் வரிசையாகச் சேர்ந்தால் வெடித்து மறையும், அவ்வளவுதான் அதன் அறிவு. அதற்கு வரும்படி முகநூல் வழியாக அவளிடமிருந்து எனக்கு அழைப்பு வந்தது. கான்வென்ட்டில் எங்கள் மதர் சொன்னதை உனக்குப் பலமுறை சொல்லியிருக்கிறேன், வந்த அழைப்புக்குப் பதில் எழுதாமல் இருப்பது வாசலுக்கு வந்தவர் முகத்தில் கதவைச் சாத்துவதற்குச் சமம். எனவே, ‘அழைப்புக்கு நன்றி. இவ்விளையாட்டில் ஈடுபாடு இல்லாததால் கலந்துகொள்ள இயலாமைக்கு வருந்துகிறேன். முழங்கால் எப்படி இருக்கிறது?’ என்று எழுதினேன். மறுநாளும் அழைப்பு வந்தது, மறுநாளும் எழுதினேன். இப்படி ஒன்பது. அதே தோட்டத்துக்கு நீயும் நாளுக்கு இரண்டு முறை அழைத்துக்கொண்டிருந்தாய், உனக்கும் ஒன்று விடாமல் எழுதினேன், அதைப் பிறகு சொல்கிறேன். இதையெல்லாம் பொறுத்துக்கொண்டுதான் இருந்தேன். ஒருநாள் மருத்துவர் என் கையில் பட்டையைக் கட்டி அழுத்தம் பார்க்கும்போது, பைக்குள் இருந்த கைபேசியில் இன்னோர் அழைப்பு வந்து பழம் வெடிக்கும் சத்தம் கேட்டது. அவர் சிரித்துக்கொண்டே, ‘என்ன பாட்டி, கேம் ஆடுறீங்களா, அதான் பிரஷர் இறங்க மாட்டேங்குது’ என்றார். பாட்டி என்றதைக்கூடப் பொறுத்துக்கொண்டேன், ஆடுகிறேன் என்றதைப் பொறுக்க முடியவில்லை. இந்த அழைப்புகளை நிறுத்தாமல் விடுவதில்லை என்று அந்த நாற்காலியிலேயே தீர்மானித்துவிட்டேன்.

நம் தெரு முனையில் கைபேசி பழுது பார்க்கும் கடை வைத்திருப்பவரை உனக்கு நினைவிருக்கும், எதைக் கொடுத்தாலும் ‘சரியாப் போச்சு’ என்று சொல்லித்தான் திருப்பித் தருவார், தெருவில் அவருக்குப் பெயரே அதுதான். அவரிடம் போனேன். ‘யாரு அனுப்புறா, காட்டுங்க’ என்றார். உன் அத்தையின் பெயரைக் காட்டினேன். உன் பெயரைக் காட்டவில்லை. அவர் இரண்டு தட்டுத் தட்டி, ‘சரியாப் போச்சு, இனிமே அந்தத் தொல்லையே கிடையாது’ என்று நீட்டினார், நானும் வாங்கிக்கொண்டு வந்துவிட்டேன். தவறு அங்கேதான் நடந்தது, அது என் தவறு. என்ன செய்தீர்கள் என்று நான் கேட்டிருக்க வேண்டும். தொலைபேசி இணைப்பகத்தில் இருபத்தாறு வருடம் இருந்தவள், கடைசிப் பதினொரு வருடம் மேற்பார்வையாளர். தொல்லை அழைப்பு வருகிறது என்று ஒருவர் புகார் கொடுத்தால் அவர் கம்பியையும் பிடுங்க மாட்டோம், எதிராளியின் கம்பியையும் பிடுங்க மாட்டோம், அது வரும் வழியைப் பிடித்துக்கொண்டு போய் அந்த இடத்தில்தான் அடைப்போம். அடைத்த பிறகு ஒரு சோதனை அழைப்புப் போட்டுப் பார்க்காமல் பதிவேட்டில் ‘முடிந்தது’ என்று எழுதினால் நான் அந்தப் பெண்ணை நிற்க வைத்துக் கேட்பேன். அப்படிப்பட்ட நான் சோதனை போடாமல் வீட்டுக்கு வந்து படுத்துத் தூங்கினேன்.

அவர் அடைத்தது அழைப்பை அல்ல, ஆளையே. உன் அத்தை தன் முழங்கால் தையல் பிரித்த படத்தை எனக்கு அனுப்பப் பார்த்திருக்கிறாள், போகவில்லை, தேடிப் பார்த்தால் என் பெயரே அவள் கைபேசியில் இல்லை. ஒன்பது மறுப்புக் கடிதமும் கையில் இருக்க, அவள் வேறு என்ன நினைப்பாள்? ‘முதல்ல சர்க்கார் கடுதாசி மாதிரி வருந்துகிறேன் வருந்துகிறேன்னு எழுதினாங்க, அப்புறம் அண்ணன்தான் இல்லையேன்னு என்னைக் கத்தரிச்சே போட்டுட்டாங்க’ என்று ஊரெல்லாம் சொல்லிவிட்டாள். கத்தரிக்கோல் பிடித்தவள் வாயில் வேறு சொல் வருமா. உன் அண்ணன், ‘குடும்மா, நான் ரெண்டே நிமிஷத்துல எடுத்து விடுறேன்’ என்று கையை நீட்டினான். கொடுக்கவில்லை. இன்னொருவர் கை பட்டு வந்த வினை இது, இனி என் கைதான் படும் என்று சொல்லிவிட்டேன்.

மறுநாள் நோட்டுப் புத்தகமும் பென்சிலுமாகக் கடைக்குப் போய், நீங்கள் எதையும் தொடாதீர்கள், சொல்லுங்கள், நான் செய்கிறேன் என்றேன். ‘ரெண்டு நிமிஷ வேலைம்மா’ என்று அவரும் அதே பாட்டைப் பாடினார். எனக்கு இரண்டு மணி நேரம் ஆனாலும் பரவாயில்லை, உட்கார ஏதாவது இருக்கிறதா என்றேன், ஒரு முக்காலியைத் துடைத்துப் போட்டார். உனக்கும் பயன்படும் என்பதால் எழுதுகிறேன். பற்சக்கரம் போட்ட படத்தைத் தொட்டு உள்ளே போனால் தடுத்தல் என்று ஒரு பக்கம், அதில் மூன்று பட்டியல்கள் தனித்தனியாக இருக்கின்றன, ஆளைத் தடுப்பது ஒன்று, அந்த ஆள் அனுப்பும் விளையாட்டு அழைப்பை மட்டும் தடுப்பது ஒன்று, யார் அனுப்பினாலும் அந்த விளையாட்டையே தடுப்பது ஒன்று. இரண்டாவதையும் மூன்றாவதையும் கடைக்காரர் கண்ணாடியை நெற்றியிலிருந்து இறக்கிப் போட்டுக்கொண்டு பார்த்தார். ‘அட, இப்படி ஒண்ணு இருக்கா, ஆறு வருஷமா எல்லாருக்கும் ஆளையேல்ல தூக்கிட்டு இருக்கேன்’ என்றார். எத்தனை வீட்டில் மாமியார் மருமகள் பேச்சு நின்றதோ, கடவுளுக்கே வெளிச்சம். முதல் பட்டியலில் இருந்த உன் அத்தையின் பெயரை நானே எடுத்தேன். மூன்றாம் பட்டியலில் பழத்தோட்டத்தை நானே போட்டேன். அதைப் போட்டால் உன்னுடைய அழைப்பும் வராது என்று தெரிந்துதான் போட்டேன். பிறகு அறிவிப்புகள் என்ற பக்கத்தில் விளையாட்டுக்கு எதிரே இருந்த பொத்தானையும் அணைத்தேன்.

தடையை எடுத்தால் மட்டும் போதாதாம், நட்புக்கு மறுபடியும் விண்ணப்பம் அனுப்ப வேண்டுமாம். நாற்பத்திரண்டு வருட நாத்தனாருக்கு விண்ணப்பம்! அனுப்பினேன். இரண்டு நாள் அவள் அதைத் தொடவில்லை. மூன்றாம் நாள் பேருந்து மாறி அவள் வீட்டுக்கே போனேன், லிப்ட் வேலை செய்யவில்லை, நான்கு மாடி, ஒவ்வொரு மாடியிலும் நின்று நின்று ஏறினேன். கதவைத் திறந்தவள் ஊன்றுகோலோடு நின்று, ‘வாங்க, தடை உத்தரவு போட்ட அதிகாரி நேர்லயே வந்துட்டாங்க, என் வீட்டுக்குள்ள நான் இருக்கலாமா, இல்ல அதுக்கும் தடையா’ என்றாள். நான் மூச்சு வாங்கி முடித்துவிட்டு, உன்னை அடைத்தது என் கவனக்குறைவு, அதற்கு மன்னிப்புக் கேட்கிறேன், விளையாட்டை அடைத்தது என் தீர்மானம், அதற்குக் கேட்க மாட்டேன் என்றேன். ஊன்றுகோலால் உள்ளே வழி காட்டிவிட்டு நாற்காலியில் உட்கார்ந்தாள். பிறகு சொன்னாள், ‘ஒரு ஆளுக்கு அனுப்பினா கூடுதலா ஒரு ஆட்டம் ஆட விடுவான் அண்ணி, அதுக்குத்தான் எல்லாருக்கும் அனுப்புறது, நாப்பது பேருக்கு அனுப்பியிருப்பேன். அதுல பதில் போட்டது நீங்க ஒருத்திதான். கால் எப்படி இருக்குன்னு கேட்டதும் நீங்க ஒருத்திதான். அதுவும் நின்னு போச்சேன்னுதான் அழுதேன்.’ அப்படியானால் ஒன்பது முறை கேட்டேனே, ஒரு முறையாவது பதில் சொன்னாயா என்றேன். ‘வலிக்குதுன்னு எழுதினா வந்து நிப்பீங்க, லிப்ட் வேற இல்ல’ என்றாள். இதற்கு மேல் அவளோடு எப்படிச் சண்டை போடுவது? விண்ணப்பத்தை ஏற்கச் சொன்னேன், ஏற்றாள். பிறகு இணைப்பகத்து வழக்கப்படி சோதனை போட்டோம். அவள் கைபேசியில் பழத்தோட்ட அழைப்பை அழுத்தினாள், என்னுடையதை மேசைமேல் வைத்து இருவரும் பார்த்துக்கொண்டிருந்தோம், தேநீர் ஆறும்வரை ஒன்றும் வரவில்லை. பிறகு ‘வணக்கம் அண்ணி’ என்று ஒரு வரி எழுதி அனுப்பினாள், அது உடனே வந்தது. இப்போது வியாழக்கிழமை தோறும் நான் போகிறேன். உறவை முறித்தவள் நான்கு மாடி ஏறுவாளா என்று கேட்பவர்களுக்கு நீயே சொல்.

இனி உன் விஷயம். விளையாட்டை அடைத்துப் பதினொரு நாள் ஆகிறது. உங்கள் ஊர்க் கடிகாரம் மூன்றரை மணி நேரம் முன்னால் ஓடுகிறது, அதனால் நீ வேலைக்குப் போகும் ரயிலில் இருந்து அனுப்பிய அழைப்பு எனக்கு விடியற்காலை ஐந்துக்கு வரும், திரும்பும் ரயிலில் இருந்து அனுப்பியது பிற்பகல் மூன்றுக்கு வரும். முதல் இரண்டு நாள் அமைதியாக இருந்தது, நிம்மதி என்று நினைத்தேன். அதன் பிறகும் ஐந்துக்கும் மூன்றுக்கும் மேசைப் பக்கம் என் கண் போயிற்று. கைபேசியைத் திறந்து நமக்குள் போய்வந்ததை எல்லாம் மேலே தள்ளித் தள்ளிப் பார்த்தேன். ஏழு வாரத்தில் உன்னிடமிருந்து அறுபத்தெட்டு அழைப்புகள். அறுபத்தெட்டுக்கும் என்னுடைய மறுப்பு, ஒவ்வொன்றின் அடியிலும் சாப்பிட்டாயா, இருமல் விட்டதா, மாப்பிள்ளைக்கு வேலை நிரந்தரமானதா என்று ஒரு கேள்வி. வேறு ஒரு வரியும் இல்லை. அதற்கு முன்னால் நீ எழுதியிருந்தது ‘அப்புறம் பேசுறேன்மா’. நான் குறை சொல்வதற்காக இதை எழுதவில்லை. நாள் முழுவதும் அடுத்தவர் கை காலைப் பிடித்து நடக்கப் பழக்கிவிட்டு ரயிலில் உட்காரும்போது உனக்கும் மூளை ஓய்ந்திருக்கும், பழம் வெடிக்கட்டும் என்றுதான் தோன்றும். ஆனால் தொல்லையை அடைத்த பிறகுதான் அந்தக் கம்பியில் வேறு எதுவும் ஓடவில்லை என்பது தெரியும், இது இணைப்பகத்தில் நாங்கள் அடிக்கடி கண்டது. அந்த ஏழு வாரத்தில் ஒரு செவ்வாய்க்கிழமை மட்டும் இரண்டு அழைப்புமே வரவில்லை. அன்று உனக்கு என்ன என்று இன்றுவரை எனக்குத் தெரியாது.

அடைப்பை எடுக்க மாட்டேன், அண்ணனை விட்டுக் கேட்கவும் வேண்டாம். வீட்டில் மற்றதெல்லாம் ஒழுங்காக இருக்கிறது, குளியலறைக் குழாய் ஒழுகுவது நின்றது, உன் அறை ஜன்னலுக்குப் புதுக் கொக்கி போட்டாயிற்று. குளிர் நாளில் கழுத்தைத் திறந்து போட்டுக்கொண்டு ரயில் மேடையில் நிற்காதே. கடவுள் உனக்கும் மாப்பிள்ளைக்கும் நல்ல உடம்பும் நிறைந்த மனதும் தரட்டும், நீ தொட்டு நடக்க வைப்பவர்கள் எல்லாம் உன்னை வாழ்த்தட்டும். அத்தையின் முழங்காலுக்கு என்னென்ன பயிற்சி, எத்தனை தடவை என்று படம் போட்டு எழுது, அவள் அதைச் சுவரில் ஒட்டிக்கொள்வாளாம். அதோடு அந்தச் செவ்வாய்க்கிழமை என்ன நடந்தது என்றும் எழுது. கைபேசியில் வேண்டாம், காகிதத்தில், உன் கையால், ஒரு பக்கம் போதும். இந்த வாரமே பதில் எழுதித் தபாலில் போடு.

உன் அம்மா