எண்ணிக்கொண்டே அழுத காட்சி

என் குரலுக்கு,

நேற்று மருந்துக்கடையில் வாயைத் திறந்து மாத்திரை கேட்டேன். கடைக்காரர் என்னை ஏற இறங்கப் பார்த்தார். "அந்த சீரியல் அம்மா மாதிரியே இருக்கீங்க. ஆனா அவங்க பேசினா கேட்டுக்கிட்டே இருக்கலாம்," என்றார். இந்தத் தகரக் குரலை வைத்துக்கொண்டு நான் என்னத்தை வாதாட? மாத்திரையை வாங்கிக்கொண்டு வந்துவிட்டேன்.

இத்தனை வருடம் நான் கேமரா முன்னால் வாயசைத்தேன். நீ டப்பிங் அறை இருட்டில் நின்று எனக்காகப் பேசினாய். ஒன்றை மட்டும் உன்னிடம் கேட்டதே இல்லை.

மகள் வீட்டைவிட்டுப் போகும் காட்சியில் எனக்கு வசனம் சுத்தமாக மறந்துபோனது. வழக்கம்போல ஒன்று, இரண்டு, மூன்று என்று எண்ணிக்கொண்டே அழுதேன். எழுதிய வசனம் என் உதட்டோடு ஒட்டவில்லை என்று நீயே ஏதோ பேசிவிட்டாயாம். டிவியில் வந்தபோதுதான் கேட்டேன்.

"போறதுன்னா போ. கதவை மட்டும் சாத்திட்டுப் போகாத."

ஊரே அழுதது. விருதை நான் வாங்கிக்கொண்டேன்.

அந்த வசனத்தை யாரை நினைத்துச் சொன்னாய்? என் முகம் பார்த்து வந்ததா, உன் வீட்டிலிருந்து அப்படி யாராவது போனார்களா? மண்டையைக் குடைகிறதடி.

உன் தங்கை ஃபோன் செய்தாள். தொண்டை ஆபரேஷன் நல்லபடியாக முடிந்ததாம். இனி எதுவானாலும் எழுதித்தான் காட்டுவாயாம்.

எழுதவெல்லாம் வேண்டாம். ஞாயிற்றுக்கிழமை வருகிறேன். என் எதிரே உட்கார்ந்து உதட்டை மட்டும் அசை. ஒன்று, இரண்டு என்று எண்ணினாலும் போதும். இந்த முறை பேசுவது என் பாடு.

இப்படிக்கு,
உன் முகம்