டப்ளினுக்குப் போன பிடிமண்

அன்புத் தங்கை ஜெயப்பிரியாவுக்கு, இங்கே அப்பா, அம்மா, நான் மூவரும் உடம்புக்குக் குறைவில்லாமல் இருக்கிறோம், டப்ளின் குளிரில் நீயும் அப்படியே இருக்கப் பொன்னியம்மன் துணை. அப்பாதான் எழுத வேண்டிய கடிதம், உட்கார்ந்தால் இரண்டு வரிக்கு மேல் ஓடவில்லை என்று என்னிடம் தள்ளிவிட்டார். போனில் சொன்னால் நீ பாதியில் வைத்துவிடுகிறாய்.

விஷயத்துக்கு வருகிறேன். உன் கலைக் கண்காட்சிக்கு நம் கோயில் மண் வேண்டும் என்று கேட்டாய். கம்பெனிக்குப் போகிற வழியில் பைக்கை நிறுத்தி, அம்மன் சூலத்தடியில் அள்ளி, கவரில் கட்டி, டப்ளினுக்குக் கிளம்பிய உன் தோழி ஜெனிஃபர் பெட்டியில் போட்டு அனுப்பினேன். மண்தானே என்று நினைத்தேன், டிப்ளமோவில் இதெல்லாம் சொல்லித்தரவில்லை. சூலத்தடி மண்ணை எடுத்து வேறு ஊரில் வைத்தால் அது பிடிமண்ணாம், வைத்த இடத்தில் அம்மன் குடியேறிவிடுவாளாம், எடுத்த குடும்பத்துக்கு அப்புறம் அங்கேதான் பொங்கலாம். இது தெரிந்தது உன் கண்காட்சிப் படம் ஊர் வாட்ஸ்அப் குரூப்பில் வந்த பிறகு. மண்ணைத் தரையில் பரப்பி, சுவரில் 'நான் எந்த ஊர்க்காரி' என்று எழுதி வைத்திருக்கிறாய், வந்தவர்கள் செருப்புக் காலோடு அதன்மேல் நடக்கிறார்கள். அடையாளம், இரண்டு கலாச்சாரம் என்று நீ எழுதியிருந்ததை இரண்டு தடவை படித்தேன், விளங்கவில்லை. செருப்பு மட்டும் எல்லோருக்கும் விளங்கிவிட்டது. ஞாயிற்றுக்கிழமை பங்காளிகள் கூடினார்கள். இருசப்பன் பெரியப்பா எடுத்த எடுப்பில் அப்பாவைப் பார்த்து, "இன்னா ராஜாராமு, ஆத்தாளையே ஏரோப்ளேன் ஏத்தி அனுப்ச்சிட்ட, ஆடிக்கு உன் பானை இங்க எதுக்கு, அங்கயே போய் பொங்கிக்கினு இரு" என்றார், நாலு பேர் சிரித்தார்கள். அள்ளியது நான், அப்பாவையும் தங்கச்சியையும் இழுக்காதீர்கள் என்றேன், நீ வாயை மூடு என்றார்கள். மண் திரும்பி வந்தால் ஆடிப் பொங்கலில் நம் பானை உண்டு, இல்லையென்றால் இல்லை என்று முடிவு சொன்னார்கள். அம்மா அன்றிலிருந்து தெருக்குழாய்க்குக்கூட என்னைத்தான் அனுப்புகிறாள்.

அப்பா கெஞ்சுவார் என்றுதான் நினைத்தேன். துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு எழுந்தார். "மண்ணு வராது. எம் பொண்ணு அங்க ஒண்டியா கீறா, ஆத்தா அவகூட இருக்கட்டும். எங்க பானைய எடுத்துடுங்க" என்று சொல்லிவிட்டு நடந்தார். நீ வரைவதை ஒரு நாளும் உட்கார்ந்து பார்க்காத மனிதர். எனக்கு இன்னும் கோபம் தீரவில்லை, உன்மேலா அவர்மேலா தெரியவில்லை.

ஆகையால் அப்பா சொன்னதை அப்படியே எழுதுகிறேன். கண்காட்சி முடியட்டும் என்று சாக்குச் சொல்லாதே, இன்றே மண்ணை வாரிச் சுத்தமான பானையில் போட்டு உன் அறையில் வை, வெள்ளிக்கிழமை விளக்கு ஏற்று. ஆடி மூன்றாம் ஞாயிறு நம் வீட்டுப் பொங்கலை நீதான் வைக்க வேண்டும், எங்களுக்கு வேறு இடம் கிடையாது. புகைக்கு அலாரம் அடிக்கும் என்றால் கரண்டு அடுப்பே போதும், பொங்கி வழிய வேண்டும், அது ஒன்றுதான் கட்டாயம் என்கிறாள் அம்மா. அன்றைக்காவது போனைப் பாதியில் வைத்துவிடாதே, நாங்கள் மூவரும் இங்கிருந்து கும்பிட வேண்டும்.

அப்பா அம்மா ஆசீர்வாதத்துடன்,
உன் அண்ணன் கலைச்செல்வன்,
உத்திரமேரூர்.