சாவுக்கு ஒரு சிவப்புப் பொட்டலம்

சுங்கிங்,
1939, மூன்றாம் மாதம்.

ரூயியின் அப்பாவுக்கு வணக்கம்.

வீட்டில் எல்லோரும் நலம். ரூயிக்கு முன்பல் விழுந்துவிட்டது. மூடுபனி விலகிவிட்டதால் மறுபடி குண்டு விமானங்கள் வருகின்றன, அபாயச் சங்கு ஊதுகிறது. மாமாவைப் பதுங்கு குகைக்குள் கூட்டிப் போவதற்குள் எனக்குப் போதும் போதுமென்றாகிவிடுகிறது.

போன வாரம் பக்கத்து வீட்டு காவ் அக்கா என்னைச் சினிமாவுக்கு இழுத்துப் போனார். எதிரி சுற்றி வளைத்த நகரத்தை நம் வீரர்கள் காத்து நின்ற கதை. நிஜப் பட்டாளத்தாரையே நடிக்க வைத்திருக்கிறார்கள். வடக்கு வாசலில் மணல் மூட்டையோடு குண்டடி பட்டு விழுகிறவர் நீங்கள். இடது தோளைத் தூக்கிக்கொண்டு நடக்கிற ஆள் வேறு யார்? அங்கேயே அழ ஆரம்பித்துவிட்டேன். கொஞ்ச நேரம் கழித்து மதில் மேல், வேறு தொப்பியோடு, மறுபடியும் செத்தீர்கள். அழுதுகொண்டிருந்தவள் சிரித்துவிட்டேன். முன்வரிசைக்காரர் திரும்பி முறைத்தார்.

வீட்டில் வந்து சொன்னதுதான் தப்பு. மாமா சோற்றுக் கிண்ணத்தைக் கீழே வைத்துவிட்டார். “பொணமா நடிச்சவனுக்குச் சிவப்புக் காகிதத்துல காசு மடிச்சுக் குடுத்தாங்களா? குடுக்கலைன்னா அந்தச் சாவு அவன் பின்னாலேயே வரும். போய்க் கேளு” என்று விரட்டினார். இதிலெல்லாம் எனக்கு நம்பிக்கை கிடையாது, உங்களுக்கே தெரியும். இருந்தும் போனேன். படக் கம்பெனி குமாஸ்தா நல்ல மனிதர். உட்காரவைத்துத் தேநீர் கொடுத்தார். போன வருஷம் ஒன்பதாம் மாதம் கடைசிக் காட்சி எடுத்த அன்றே உங்களையெல்லாம் லாரியில் ஏற்றிப் போர்முனைக்கு அனுப்பிவிட்டார்களாம். “சிவப்புப் பொட்டலத்துக்கெல்லாம் ஏதும்மா நேரம்?” என்றார். நீங்கள் கடைசியாகக் கடிதம் போட்டது ஏழாம் மாதம்.

அன்றிலிருந்து எனக்கு இருப்புக்கொள்ளவில்லை. கொடுத்துவிட்டார்களாம் என்று மாமாவிடம் பொய் சொன்னேன். அந்தப் படத்தை இன்னும் மூன்று தடவை பார்த்தாயிற்று. விழுந்த பிறகு நீங்கள் எழுந்திருப்பதை எனக்குப் பார்க்க வேண்டும். பாவிகள், அதற்குள் வேறு காட்சிக்குப் போய்விடுகிறார்கள்.

இதோடு இரண்டு சிவப்புப் பொட்டலம் வைத்திருக்கிறேன், சாவுக்கு ஒன்றாக. நீங்களே பிரியுங்கள். அந்தக் காசுக்கு இனிப்பு ஏதாவது வாங்கித் தின்றுவிடுங்கள். நம்பாதவள் செய்கிற வேலையா இது என்று கேலி செய்யுங்கள், பொறுத்துக்கொள்கிறேன்.

பதில் நீளமாக வேண்டாம், ஒரு வரி போதும். வலது கையில் அடிபட்டிருந்தால் இடது கையால் கிறுக்குங்கள். உங்களுக்காக வேறு யாரும் எனக்கு எழுதும்படி விட்டுவிடாதீர்கள்.

உங்கள்
யூன்சியூ